வேலியும் பொட்டும்: பல நாடுகள் சந்திக்கும் இடம் ஒரே வட்டாரமாவது எப்படி?

யாழ்ப்பாணத்தில் வளவுக்கு வளவு வேலி உண்டு. கதியால் நட்டுக் கிடுகோ பனையோலையோ வைத்துக் கட்டிய வேலிகள் இன்று பல இடங்களில் தகரமாகவும் மதிலாகவும் மாறிவிட்டன. ஆனாலும் எல்லை பற்றிய எங்கள் கவனம் குறையவில்லை. கதியாலை ஒரு சாண் அரக்கி நட்டதற்காக ஆண்டுக்கணக்காக வழக்காடிய குடும்பங்களை எந்த ஊரிலும் காட்டலாம். அதே வேலியில், கிணற்றடிக்குப் பக்கத்திலோ அடுப்படிக்குப் பின்னாலோ, ஓர் ஆள் குனிந்து போகக்கூடிய அளவில் ஒரு திறப்பும் இருக்கும்; அதைப் பொட்டு என்போம். கறிவேப்பிலை பறிக்கவும், பிள்ளையைச் சற்று நேரம் விட்டுவிட்டு வரவும், காய்ச்சல்காரருக்குக் கொத்தமல்லி அவித்துக் கொண்டுபோய்க் கொடுக்கவும் அந்தப் பொட்டுத்தான் வழி. வேலியைப் பார்த்தால் எந்த நிலம் யாருடையது என்பது தெரியும். அந்த இரு வீட்டாரும் எப்படி வாழ்கிறார்கள் என்பதைப் பொட்டைப் பார்த்துத்தான் அறியலாம்.

இந்தக் கட்டுரை விளக்க முயலும் கருத்தை இந்தப் படத்தைக் கொண்டே பிடித்துக்கொள்ளலாம். உலகில் சில இடங்களில் இரண்டோ மூன்றோ நான்கோ நாடுகள், அல்லது ஒரே நாட்டின் பல மாநிலங்கள், ஒன்றையொன்று தொட்டு நிற்கின்றன. அவற்றுள் சில இடங்களில், எல்லைக்கோடு அப்படியே இருக்க, அதன் எல்லாப் பக்கத்திலும் வாழ்வோர் தம்மை ஒரே வட்டாரத்தவராக எண்ணுகிறார்கள். கடவுச்சீட்டு வேறு, நாணயம் வேறு, பாடசாலைப் புத்தகம் வேறு. ஆயினும் “எங்கட பக்கம்” என்று அவர்கள் கைகாட்டும் திசையில் எல்லாக் கரைகளும் அடங்கிவிடுகின்றன. இத்தகைய நிலப்பரப்பை எல்லை கடந்த வட்டாரம் என்று அழைக்கலாம்.

முதலில் ஒரு வேறுபாட்டைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். மூன்று எல்லைகள் சந்திக்கும் இடம் ஒரு புள்ளி மட்டுமே. அதை ஒரு கல் நட்டுக் காட்டிவிடலாம். அந்தப் புள்ளியைச் சுற்றிப் பத்து மைலுக்கோ நூறு மைலுக்கோ பரந்திருக்கும் வாழ்க்கைதான் வட்டாரம். காங்கேசன்துறை வீதியில் இணுவிலும் உடுவிலும் சுன்னாகமும் நெருங்கிவரும் இடத்தில் மருதனார்மடம் சந்தி இருக்கிறது. வீதிகள் சந்திப்பதால் மட்டும் அது சந்தியாகிவிடவில்லை. அங்கே சந்தை கூடுகிறது, சுற்றுவட்டாரத் தோட்டக்காரர் மரக்கறியை இறக்குகிறார்கள், ஆஞ்சநேயர் கோயிலுக்கு எல்லா ஊராரும் வருகிறார்கள். ஆகவே அது சந்தி. வீதிகள் குறுக்கிட்டும் ஒரு தேநீர்க்கடைகூட முளைக்காத மூலைகளும் எங்கள் ஊர்களில் இருக்கின்றன. நாடுகள் சந்திக்கும் இடங்களுக்கும் இதே நியாயம் பொருந்தும். அமெரிக்காவில் அரிசோனா, கொலராடோ, நியூ மெக்சிகோ, யூட்டா என்னும் நான்கு மாநிலங்கள் ஒரே புள்ளியில் தொடுகின்றன. பயணிகள் அங்கே பதிக்கப்பட்ட வட்டத் தகட்டில் கையொன்றும் காலொன்றுமாக நான்கு மாநிலங்களிலும் ஊன்றிப் படம் எடுத்துக்கொள்கிறார்கள். ஆனால் அந்த வரண்ட நிலத்துக்கு ஓர் உருவத்தைத் தருவது அளவுகோல் வைத்துக் கிழித்த நேர்கோடுகள் அன்று. அக்கோடுகளுக்கு முன்பே அங்கு வாழ்ந்த நவஹோ, யூட் முதலான பழங்குடியினரின் வாழ்வே.

இதற்கு நல்ல எடுத்துக்காட்டு எது என்று கேட்டால், எங்கள் ஊரவருக்கு ஏற்கெனவே பெயர் தெரிந்த ஓரிடத்தையே சொல்வேன். சுவிற்சர்லாந்தின் வடமேற்கு மூலையில், ரைன் நதி வளைந்து வடக்கு நோக்கித் திரும்பும் இடத்தில் பாசல் நகரம் இருக்கிறது. என் அக்கா அங்கே வாழ்கிறார். தொலைபேசியில் பேசிக்கொண்டிருக்கும்போது, “சனிக்கிழமை, ஒருக்கா ஜேர்மனிக்குப் போய்ச் சாமான் வாங்கிக்கொண்டு வாறன்” என்று அவர் சொல்லும் தொனி, இங்கே ஒருவர் “சந்திக்குப் போயிட்டு வாறன்” என்று சொல்லும் அதே தொனிதான். முதற் தடவை கேட்டபோது எனக்கு அது வியப்பாக இருந்தது. வெளிநாடு என்றால் விசா, கொழும்புப் பயணம், தூதரக வரிசை என்று பழகிய காது அது.

அவர் ஏறுவது 8ஆம் இலக்க ட்ராம் வண்டி. பாசலின் நடுவிலிருந்து புறப்படும் அந்த வண்டி 2014 டிசம்பர் முதல் எல்லையைத் தாண்டி ஜேர்மனியின் வைல் அம் ரைன் நகரப் புகையிரத நிலையம்வரை ஓடுகிறது. 2017 டிசம்பரில் 3ஆம் இலக்க ட்ராம் பாதையும் நீட்டப்பட்டு பிரான்சின் சென் லூயி நகரத்தைத் தொட்டது. சனிக்கிழமைகளில் 8ஆம் இலக்க வண்டியில் சில்லு வைத்த பைகளோடு நிற்பவர்களே நிறைய. திரும்பும்போது அந்தப் பைகளில் பாலும் சவர்க்காரமும் பிள்ளைகளின் உடுப்பும் இருக்கும். கையில் ஜேர்மன் கடையில் தந்த ஏற்றுமதிப் படிவம் இருக்கும். அதில் சுங்க அலுவலரிடம் முத்திரை குத்தி வாங்கிக்கொண்டால், ஜேர்மனியில் கட்டிய விற்பனை வரி பின்னர் திரும்பக் கிடைக்கும். சுவிற்சர்லாந்துக்குள் இறைச்சி கொண்டுவருவதற்கு ஆளுக்கு ஒரு கிலோ என்ற வரையறை உண்டு. வீட்டில் விருந்தென்றால் எத்தனை பேர் ட்ராமில் போக வேண்டும் என்று கணக்குப் பார்த்துத்தான் அக்கா வீட்டில் புறப்படுகிறார்கள். 2025 ஜனவரி முதல், வரி கட்டாமல் கொண்டுவரக்கூடிய பொருட்களின் பெறுமதி ஆளுக்கு 300 பிராங்கிலிருந்து 150 பிராங்காகக் குறைக்கப்பட்டது. உள்ளூர்க் கடைக்காரரின் முறைப்பாடு நியாயமானதே. அவர்களுடைய வாடிக்கையாளர்தாம் ட்ராம் ஏறிப் போகிறார்கள்.

இந்த ஒரு வண்டியைக் கவனித்தாலே கருத்தின் பாதி விளங்கிவிடும். எல்லை அழிந்துபோகவில்லை. சுவிற்சர்லாந்து ஐரோப்பிய ஒன்றியத்தின் உறுப்பு நாடு அன்று. சுங்க விதிகளும் நாணயமும் வேறு. 2008 டிசம்பரில் ஷெங்கன் உடன்பாட்டில் அது இணைந்த பின்னர், ஆட்களை நிறுத்திக் கடவுச்சீட்டுப் பார்க்கும் வழக்கம் பெரும்பாலும் நின்றதே தவிர, பொருட்களுக்கான வேலி நிற்கிறது. அதைவிட முக்கியமானது, மக்கள் போய்வருவதற்குக் காரணமே அந்த வேலிதான். சம்பளம் சுவிற்சர்லாந்தில் அதிகம். கடைச்சாமான் ஜேர்மனியில் மலிவு. வீட்டு வாடகை பிரெஞ்சுப் பக்கத்தில் குறைவு. ஆகவே பிரான்சிலும் ஜேர்மனியிலும் வாழ்வோர் காலையில் பாசலின் மருந்துத் தொழிற்சாலைகளுக்கும் மருத்துவமனைகளுக்கும் வேலைக்கு வருகிறார்கள். பாசலில் வாழ்வோர் வார இறுதியில் எதிர்த்திசையில் போகிறார்கள். முழுச் சுவிற்சர்லாந்திலும் இப்படி எல்லை தாண்டி வந்து வேலை செய்வோர் 3 இலட்சத்துக்கும் அதிகம். மூன்று பக்கமும் ஒரே விலையும் ஒரே சம்பளமுமாக இருந்தால் 8ஆம் இலக்க ட்ராமில் இத்தனை நெரிசல் இருக்காது.

புதிதாக இதைப் படிப்பவர்களுக்கு இங்கே ஒரு தவறான எண்ணம் தோன்றக்கூடும். பொதுவான அடையாளம் என்றால் அவர்கள் எல்லோரும் ஒரே நாடாக இணைய விரும்புகிறார்கள் என்று பொருளா? இல்லை. பாசல்காரர் தம் சுவிஸ் குடியுரிமையை விடப்போவதில்லை. சென் லூயியில் உள்ளவர் பிரெஞ்சு அரசையே தம் அரசாகக் கொள்கிறார். அவர்கள் பகிர்வது அன்றாட வாழ்வின் புவியியலை: எந்த விமான நிலையம், எந்த ஆறு, எந்த அருங்காட்சியகம், எந்தத் திருவிழா, எங்கே மலிவு, எங்கே நெரிசல் என்ற அறிவை. மூன்று நாட்டு அருங்காட்சியகங்களுக்கும் ஒரே நுழைவு அட்டை அங்கே விற்கப்படுகிறது. இத்தகைய சிறிய அட்டைகளை அரசியற் பிரகடனங்களைவிட நான் பெரிதாக மதிக்கிறேன்.

அங்கே சென்றிருந்தபோது இரண்டு இடங்களை நேரிற் பார்த்தேன். ஒன்று, பாசல் துறைமுகத்தின் முனையில் நிற்கும் மூன்று நாட்டு மூலைத் தூண். வானத்தை நோக்கிய வெள்ளி நிறக் கூர் போன்ற அந்தத் தூணின் அடியில் நின்று படம் எடுப்பவர்கள் மூன்று நாட்டிலும் நிற்பதாக எண்ணுகிறார்கள். உண்மையில் மூன்று எல்லைகளும் சந்திக்கும் புள்ளி ஆற்றின் நடுவில், ஓடும் நீரில் இருக்கிறது. மற்றது, சற்று வடக்கே 2007இல் திறக்கப்பட்ட பாலம். கால்நடையாகவும் சைக்கிளிலும் செல்வோருக்கு மட்டுமான, 248 மீற்றர் நீளமுள்ள அந்த வளைவுப் பாலம் ஜேர்மனியின் வைல் நகரையும் பிரான்சின் ஹூனிங் நகரையும் இணைக்கிறது. அதன் பெயர் மூன்று நாட்டுப் பாலம். இணைப்பது இரண்டு நாடுகளை மட்டுமே. மூன்றாவது நாடு சில நூறு மீற்றர் தெற்கே தெரிகிறது. தன்னைத் தொடாத நாட்டையும் சேர்த்துப் பாலத்துக்குப் பெயர் வைக்க அவர்களுக்குத் தோன்றியதே வட்டார உணர்வுக்கு நல்ல சான்று என்று எனக்குப் பட்டது. மாலையில் ஒரு கிழவர் சைக்கிளில் பாண் வாங்கிக்கொண்டு பிரெஞ்சுக் கரையிலிருந்து வந்தார். பாலத்தின் நடுவே இறங்கி, கைப்பிடியில் சாய்ந்து ஆற்றைப் பார்த்துவிட்டு, ஜேர்மன் கரைக்கு உருட்டிக்கொண்டு போனார். யாரும் அவரை நிறுத்தவில்லை. நான் நெடுநேரம் அவரையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

இவை தானாக வந்து சேர்ந்தவை அல்ல. பாசலில் இருக்கும் பாடிஷர் புகையிரத நிலையத்தை எடுத்துக்கொள்வோம். அது சுவிஸ் மண்ணில் இருந்தாலும் அதை நடத்துவது ஜேர்மன் ரயில்வே. இதற்கு அடிப்படை 1852இல், இன்று ஜேர்மனியின் பகுதியாக இருக்கும் அன்றைய பாடன் அரசும் சுவிற்சர்லாந்தும் செய்த உடன்படிக்கை. விமான நிலையத்தின் கதை இதைவிடச் சுவையானது. விமான நிலையத்துக்குப் போதிய சமதரை பாசலுக்குள் கிடைக்கவில்லை. இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு, பிரான்ஸ் நிலத்தைத் தருவது, பாசல் கட்டுமானச் செலவை ஏற்பது என்று பேசி, 1949இல் இரு நாடுகளும் உடன்படிக்கை செய்தன. இன்றும் அந்த விமான நிலையம் முழுவதும் பிரெஞ்சு மண்ணில் இருக்கிறது; உள்ளே சுவிஸ் பகுதி, பிரெஞ்சுப் பகுதி என இரண்டு உண்டு; பாசலிலிருந்து நேரே சுவிஸ் பகுதிக்குச் செல்ல, பிரெஞ்சு நிலத்தினூடாக ஒரு சுங்க வீதி போகிறது. பெயரில் பாசல், பிரான்சின் முலூஸ், ஜேர்மனியின் பிரைபூர்க் என மூன்று நகரங்களும் இடம்பெறுகின்றன. அந்த இடத்தில் இறங்கும் எங்கள் உறவினர், எந்தக் கதவால் வெளியேறுவது என்பதை முன்கூட்டியே கேட்டறிந்துதான் போவார்கள். கதவு மாறினால் நாடு மாறிவிடும்.

1963இல் பாசலில் ரெஜியோ பாசிலியென்சிஸ் என்ற அமைப்பு தொடங்கப்பட்டது. மூன்று நாட்டு நிலப்பரப்பையும் ஒரே வட்டாரமாகக் கருதித் திட்டமிட வேண்டும் என்பதே அதன் நோக்கம். 1975இல் மூன்று அரசுகளும் பொன் நகரில் கூடி இதற்கென அரசாங்க ஆணைக்குழு ஒன்றை அமைக்க உடன்பட்டன. 1980இல் ஐரோப்பிய அவை மட்ரிட் நகரில் ஒரு பொது உடன்பாட்டை உருவாக்கியது. எல்லையோர உள்ளூராட்சிச் சபைகள், மத்திய அரசின் வழியாகச் சுற்றிவராமல், அடுத்த நாட்டின் உள்ளூராட்சிச் சபைகளோடு நேரே ஒத்துழைப்பதற்கான வழியை அது காட்டிற்று. கூட்டங்கள், குறிப்பேடுகள், கழிவுநீர் வாய்க்கால் பற்றிய பேச்சுகள் என்று வாசிக்கச் சலிப்பூட்டும் வேலைதான். ஆனால் பொட்டை அடைபடாமல் காப்பது இந்த வேலைதான்.

மொழி ஒன்றாக இருப்பதால் அந்த வட்டாரம் ஒன்றாயிற்று என்று சிலர் சொல்வார்கள். அது பாதி உண்மை. பாசல், ஜேர்மனியின் பாடன், பிரான்சின் அல்சாஸ் ஆகிய மூன்றிலும் மரபாகப் பேசப்பட்டது அலமானிக் என்னும் ஜேர்மன் கிளைமொழி. ஆனால் அல்சாசின் வரலாற்றைப் பாருங்கள். 1871இல் அது பிரான்சிடமிருந்து ஜேர்மனிக்குப் போயிற்று; 1918இல் பிரான்சுக்குத் திரும்பியது; 1940இல் நாசி ஜேர்மனி அதைப் பிடித்தது; போர் முடியும்போது மறுபடியும் பிரான்சுடையதாயிற்று. 1870இல் ஸ்ராஸ்பூர்க்கில் பிறந்து எழுபத்தைந்து வயதுவரை வாழ்ந்த ஒருவர், வீட்டை விட்டு அசையாமலே நான்கு தடவை நாடு மாறியிருப்பார். அந்தக் காலத்தில் ஆற்றின் இரு கரையிலும் ஒரே கிளைமொழிதான் ஒலித்தது. இரு கரையிலும் பீரங்கிகளும் நின்றன. 1945க்குப் பிறகு அல்சாஸ் பாடசாலைகளில் பிரெஞ்சே முதன்மை பெற்றது. இன்று அங்குள்ள இளைஞரில் பலருக்குத் தாத்தாவின் கிளைமொழி பேச வராது. மொழி தளர்ந்த இந்தக் காலத்தில்தான் பாலமும் ட்ராமும் வந்தன. ஒரே மொழி பேசுவது உறவுக்கு உதவும். உறவை அது தானே நடத்திவிடாது. இதை யாழ்ப்பாணத்திலிருந்து எழுதும்போது எனக்குக் கடல் நினைவுக்கு வருகிறது. அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

பாசலிலிருந்து கிழக்கே, ரைன் நதி ஒரு பெரிய ஏரியினூடாகப் பாய்கிறது. ஜேர்மன் மொழியில் போடன்சே, மற்றவர்களுக்குக் கொன்ஸ்டன்ஸ் ஏரி. ஜேர்மனி, சுவிற்சர்லாந்து, ஒஸ்திரியா மூன்றும் அதன் கரையில் இருக்கின்றன. அதன் பெரும்பகுதியான மேலேரியில் மூன்று நாடுகளும் ஏற்றுக்கொண்ட எல்லைக்கோடு இன்றுவரை கிடையாது. ஏரியின் நடுவால் எல்லை போவதாகச் சுவிற்சர்லாந்து கருதுகிறது. கரையோரம் தவிர்ந்த நீர்ப்பரப்பு எல்லோருக்கும் பொது என்பது ஒஸ்திரியாவின் கருத்து. ஜேர்மனி இதில் உறுதியான நிலைப்பாடு எடுக்கவில்லை. எல்லை இப்படி இழுபறியாக இருந்தும் மீன்பிடி ஒழுங்காக நடக்கிறது. 1893இல் ஒஸ்திரியாவின் பிரெகென்ஸ் நகரில் கரையோர அரசுகள் ஓர் உடன்பாடு செய்துகொண்டன. 25 மீற்றர் ஆழம்வரையான கரையோரம் அந்தந்த நாட்டுக்குரியது. அதற்கப்பாலுள்ள ஆழ்நீர் எல்லா நாட்டு மீனவருக்கும் பொது. வலைக் கண்ணின் அளவு, மீன் முட்டையிடும் காலத்துத் தடை முதலியவற்றைப் பொதுவான ஆணைக்குழு ஒன்று தீர்மானிக்கிறது. அந்த ஏரியின் சிறப்பான ஃபெல்ஹென் என்னும் மீன் மிகவும் அருகிப்போனபோது, 2024 தொடக்கம் மூன்று ஆண்டுகளுக்கு மேலேரியில் அதைப் பிடிப்பதில்லை என்று மூன்று நாடுகளும் சேர்ந்தே முடிவெடுத்தன. தம் தொழிலின் முதன்மையான மீனை விட்டுக்கொடுப்பது மீனவருக்கு எவ்வளவு கடினம் என்பதைக் குருநகரிலோ பருத்தித்துறையிலோ யாரிடமும் கேட்டறியலாம். ஆயினும் தடை எல்லாக் கரைக்கும் ஒன்றாக வந்ததால், “நான் நிறுத்தினால் எதிர்க்கரைக்காரன் அள்ளிக்கொண்டு போவான்” என்ற அச்சத்துக்கு அங்கே இடமிருக்கவில்லை.

வட்டாரம் என்பது எவ்வளவு உறுதியானது என்பதை அது குலையும்போது அளக்கலாம். 2020 மார்ச்சில், கொரோனாப் பரவலைத் தடுக்க எல்லைகள் மூடப்பட்டன. அதே ஏரிக்கரையில் ஜேர்மனியின் கொன்ஸ்டன்சும் சுவிற்சர்லாந்தின் குரொய்ற்ஸ்லிங்கனும் வீதிக்கு வீதி ஒட்டிய நகரங்கள்; அவற்றுக்கிடையே இருந்த பழைய கம்பிவேலி 2006இல்தான் அகற்றப்பட்டிருந்தது. அந்த இடத்தில் மறுபடியும் வேலி எழுந்தது. காதலர்களும் தாய் தந்தையரும் பேரப்பிள்ளைகளும் வேலியின் இருபுறமும் வந்து நின்று, கம்பிக்கிடையால் கைகோத்துக்கொண்டார்கள். நோய் தொற்றும் என்று, கைகள் எட்டாதபடி சில அடி தள்ளி இரண்டாவது வேலியையும் போட்டார்கள். அதன் பின்னர் கதிரைகளைக் கொண்டுவந்து போட்டு, இரண்டு வேலிக்கும் அப்பால் இருந்தபடி உரக்கப் பேசிக்கொண்டார்கள். ஜூன் 15 அளவில் எல்லை திறக்கப்பட்டது. அந்த மூன்று மாதங்களில்தான், தாங்கள் இரண்டு நாடுகளில் வாழ்வதைப் பலர் உண்மையாக உணர்ந்திருப்பார்கள்.

இதுவரை கூறியது, எல்லைகள் நிலைத்த பின்னர் போக்குவரத்தால் வளர்ந்த வட்டாரம். எல்லைகளுக்கு முன்பே மக்கள் இருந்த வட்டாரமும் உண்டு. நோர்வே, சுவீடன், பின்லாந்து ஆகியவற்றின் வடபகுதியையும் ரஷ்யாவின் கோலா தீபகற்பத்தையும் சேர்த்துச் சாமி இனத்தவர் சாப்மி என்று அழைக்கிறார்கள். நோர்வேயின் வடகோடியான ஃபின்மார்க் எங்களுக்கு முற்றிலும் அறியாத ஊர் அன்று. 1980களில் அங்குள்ள மீன் பதனிடும் தொழிற்சாலைகளில் வேலை செய்த யாழ்ப்பாணத்து இளைஞர் பலர், சூரியன் உதிக்காத மாரிக்காலத்தைப் பற்றி ஊருக்குக் கடிதம் எழுதியவர்கள். சாமி மக்களுள் ஒரு பகுதியினர் பனிமான் மந்தை வளர்ப்பவர்கள். மந்தை பருவத்துக்கேற்ப இடம் பெயரும். 1751இல் டென்மார்க்கின் ஆட்சியிலிருந்த நோர்வேக்கும் சுவீடனுக்கும் இடையே எல்லை வரையப்பட்டபோது, அந்த உடன்படிக்கையோடு ஒரு பின்னிணைப்பும் எழுதப்பட்டது. சாமி மக்கள் வழக்கம்போல இலையுதிர்காலத்திலும் இளவேனிலிலும் மந்தையை ஓட்டிக்கொண்டு எல்லையைக் கடக்கலாம். அடுத்த நாட்டின் நிலத்தையும் நீரையும் பயன்படுத்தலாம். போர்க்காலத்திலும் இந்த உரிமை நீடிக்கும். வரியை ஒரு நாட்டுக்கு மட்டும் கட்டினால் போதும். வேலி போடுகிறவர்களே பொட்டையும் எழுத்தில் வைத்துப் போட்ட அரிய சந்தர்ப்பம் அது.

ஆனால் 1852இல், அப்போது ரஷ்யப் பேரரசுக்குள் இருந்த பின்லாந்துக்கும் நோர்வேக்கும் இடையிலான எல்லை மந்தைகளுக்கு மூடப்பட்டது. தலைமுறைகளாக நடந்த பாதை ஒரு கட்டளையால் குற்றமாயிற்று. குடும்பங்கள் பல மேய்ச்சல் நிலத்தை இழந்து இடம் பெயர்ந்தன. இவ்வளவுக்குப் பிறகும் அடையாளம் மறையவில்லை. 1986இல் நான்கு நாட்டுச் சாமி மக்களுக்கும் பொதுவான கொடி ஒன்று ஏற்கப்பட்டது. நோர்வேயில் 1989இலும் சுவீடனில் 1993இலும் பின்லாந்தில் 1996இலும் சாமி நாடாளுமன்றங்கள் அமைந்தன. தெற்கில் பேசும் சாமி மொழி வடக்கில் உள்ளவருக்கு விளங்காது என்பதையும் இங்கே நினைவிற் கொள்ள வேண்டும். மொழி பலவாக இருந்தும், பாதை ஒன்றாக இருந்தது என்ற நினைவு அவர்களைச் சேர்த்து வைத்திருக்கிறது.

நாடுகளுக்குப் பதிலாக மாநிலங்கள் சந்திக்கும் இடத்துக்கு நீலகிரியைச் சொல்லலாம். தமிழ்நாட்டின் முதுமலை, கர்நாடகத்தின் பந்திப்பூர், கேரளத்தின் வயநாடு மூன்றும் ஒரே காடு. 1956இல் மொழிவாரியாக மாநிலங்கள் பிரிக்கப்படும்வரை வயநாடு சென்னை மாகாணத்தின் மலபார் மாவட்டத்தில் இருந்தது. பணியர், காட்டுநாயக்கர் முதலிய பழங்குடியினர் இன்று வெவ்வேறு மாநிலங்களின் பதிவேடுகளில் இருக்கிறார்கள். 1986இல் 5520 சதுரக் கிலோமீற்றர் பரப்பு, மூன்று மாநிலங்களையும் சேர்த்து, நீலகிரி உயிர்க்கோளக் காப்பகம் என்று அறிவிக்கப்பட்டது. அங்கே வட்டாரத்தின் முதற் குடிமகன் யானை. பந்திப்பூர் வீதியில் 2009 முதல் இரவு 9 மணிக்கும் காலை 6 மணிக்கும் இடையே வாகனப் போக்குவரத்து தடுக்கப்பட்டிருப்பது பற்றி வயநாட்டாரும் கர்நாடகத்தாரும் இன்னும் வாதிடுகிறார்கள். அந்த மலைகளில் இலங்கையின் பங்கும் உண்டு. 1964 இலங்கை-இந்திய ஒப்பந்தத்தின்படி இங்கிருந்து அனுப்பப்பட்ட மலையகத் தமிழருள் ஒரு பகுதியினர் கூடலூர், கோத்தகிரி, குன்னூர்ப் பக்கங்களில் அரசு தேயிலைத் தோட்டங்களில் குடியமர்த்தப்பட்டார்கள். ஓர் எல்லையால் பெயர்க்கப்பட்டவர்கள் மூன்று எல்லைகள் கூடும் இடத்தில் வேரூன்ற வேண்டியதாயிற்று.

இனி எங்கள் கடல். பாக்கு நீரிணையின் இரு கரையிலும் தமிழ் பேசப்படுகிறது. ஆறுமுக நாவலர் வண்ணார்பண்ணையில் பாடசாலை நடத்தியதுபோலவே 1864இல் சிதம்பரத்திலும் ஒன்றை நிறுவினார். சிதம்பரத்தில் யாழ்ப்பாணத்தார் கட்டிய மடங்கள் இருந்தன. 1914 முதல் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பல் ஓடி, இரு கரை ரயில்களையும் இணைத்தது. 1964 டிசம்பர்ப் புயலில் தனுஷ்கோடி அழிந்த பின்னர் அது இராமேஸ்வரத்திலிருந்து ஓடியது. 1980களின் முற்பகுதியில், போர் மூண்ட வேளையில் நின்றுபோனது. 1974இலும் 1976இலும் இந்தியாவும் இலங்கையும் கடலில் எல்லைக்கோட்டை வரைந்தன. மொழி, சமயம், உறவுமுறை எல்லாம் ஒன்றாக இருந்தும், ஒரு தலைமுறைக் காலம் போக்குவரத்து அற்றுப்போனது. என் தந்தைக்கு இராமேஸ்வரம் கோயிலின் எந்த வாசலில் எந்தக் கடை இருந்தது என்று தெரியும். எனக்கு அந்தக் கரை படங்களால் மட்டும் அறிமுகமானது.

அந்த இடைவெளியில் வளர்ந்தது மீன்பிடிப் பிணக்கு. தமிழ்நாட்டு இழுவைப் படகுகள் கோட்டைத் தாண்டி வந்து அடித்தளத்தை வாரிச் செல்வதும், எங்கள் மீனவரின் வலைகள் அறுபடுவதும், அங்கிருந்து வந்தவர்கள் கைதாவதும் இன்று எங்கள் நாளிதழ்களில் வழக்கமான செய்தி. அடிமடி இழுவையை இலங்கை 2017இல் சட்டத்தால் தடைசெய்தது. தடை ஒரு கரைக்கு மட்டுமே ஆனது. கொன்ஸ்டன்ஸ் ஏரியில் கோடு இல்லை, பொது விதி இருக்கிறது. பாக்கு நீரிணையில் கோடு இருக்கிறது, இரு கரையாரும் ஏற்று நடக்கும் பொது விதி இல்லை. ஏரி சிறியது, மீனவர் தொகை குறைவு, அங்கே போரும் நடக்கவில்லை; ஆகவே இரண்டையும் ஒரே தராசில் வைத்துவிட முடியாது என்பது எனக்குத் தெரியும். ஆனாலும் எது விடுபட்டுப்போயிற்று என்பதைக் கண்டுகொள்ள அந்த ஏரி உதவுகிறது.

பொட்டுகள் சில மறுபடியும் திறக்கின்றன. 2019 ஒக்ரோபரில் பலாலி, யாழ்ப்பாணம் சர்வதேச விமான நிலையமாகத் திறக்கப்பட்டது; இடையில் நின்ற சென்னை விமானம் 2022 டிசம்பரில் மீண்டும் வந்தது. 2023 ஒக்ரோபர் 14ஆம் திகதி நாகப்பட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக்குப் பயணிகள் கப்பல் தொடங்கியது. சில நாட்களில் நின்று, 2024 ஓகஸ்டில் மறுபடியும் ஓடத் தொடங்கியது.

இவற்றுக்கெல்லாம் முன்பிருந்தே, ஆண்டில் இரண்டு நாள் மட்டும் திறக்கும் பொட்டு ஒன்று இருக்கிறது. குடிநீரும் குடிமக்களும் இல்லாத கச்சதீவில், யாழ்ப்பாணம் மறைமாவட்டத்துக்குரிய அந்தோனியார் கோயிலின் திருவிழா பெப்ரவரியிலோ மார்ச்சிலோ வருகிறது. குறிகட்டுவானிலிருந்தும் இராமேஸ்வரத்திலிருந்தும் படகுகள் வந்து சேரும். மாலையில் சிலுவைப் பாதை. இரவில் மணலில் பாயை விரித்து, தண்ணீர்ப் போத்தலையும் கட்டிக்கொண்டு வந்த சோற்றையும் பகிர்ந்துகொண்டு, எந்த ஊர், யாருடைய பிள்ளை, இந்த வருஷம் தொழில் எப்படி என்று இரு கரைத் தமிழிலும் பேச்சு நடக்கும். வலை அறுந்தவரும் படகு பறிகொடுத்தவரும் ஒரே பாயில் இருப்பதுண்டு. காலையில் திருப்பலி முடிந்ததும் கொடி இறங்கும். இரு கடற்படையினரின் காவலில், படகுகள் வந்த வழியே இரண்டு திசையிலும் புறப்படும்.